தலைமையாசிரியர் வேஷம்

பசுந்தாங், ரங்கூன்
11 ஜூன் 2023

என் மகள் பாமாவுக்கு அப்பா எழுதுவது.

மிளகாய்த்தூள் டப்பாவை மூக்கைப் பொத்திக்கொண்டு திற. காஜா மைதீன் பாய் தம் லான்மடாவ் கடையில் தம் கையாலேயே கடிதத்தை அடியில் வைத்து மேலே தூளைக் கொட்டினார். போன தடவை அவர் லாரியை மறித்த பட்டாளத்தான் டப்பாவை முகர்ந்து பார்த்துவிட்டு ஏழு தும்மல் போட்டானாம். எடுத்தாலும் பயமில்லை, தமிழ் எழுத்து அவனுக்கு ஜிலேபி. போனில் எழுதினால்தான் ஆபத்து. பஸ்ஸை நிறுத்தி ஒவ்வொரு போனாக நோண்டுகிறார்கள். கோயில் ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் நீ அழுதுகொண்டே படித்த தமிழ்தான் இப்போது நமக்குத் தபால் இலாகா.

அம்மாவுக்கு வாரம் இரண்டு முறை ரத்தத்தைச் சுத்தம் செய்கிறார்கள். கால் வீக்கம் வற்றவில்லை. சாப்பாட்டில் உப்பில்லை என்று என்னைத்தான் வைகிறாள், வையட்டும்.

இப்போது செய்தி. எனக்கு ஒரு வேஷம் வந்திருக்கிறது. சிரிக்காதே. நாற்பது வருடத்தில் நூற்றுப் பன்னிரண்டு படம். அதில் எழுபதுக்கு மேல் தரவான், வாசலில் முக்காலி போட்டு உட்கார்ந்திருக்கும் இந்தியக் காவல்காரன். மிச்சத்தில் பால்காரன், கடலைக்காரன், வட்டிக்கடைக்காரன். கதாநாயகன் என் தலையில் தட்டுவான், நான் தலைப்பாகையைப் பிடித்துக்கொண்டு உடைந்த பர்மிய மொழியில் ஐயோ என்பேன், கொட்டகை சிரிக்கும். கடைசியில் ஓடும் பெயர் வரிசையில் 'மற்றும் பலர்' என்று ஒரு வரி வரும். அந்தப் பலரில் ஒருவன் உன் தகப்பன். மெட்ரிக்கில் பர்மியப் பாடத்தில் பள்ளிக்கூடத்துக்கே முதல் மார்க் வாங்கியவனுக்கு, மீசை முளைக்காத உதவி இயக்குநர் வந்து மரியாதையாக, "சயா, கொஞ்சம் உடைச்சுப் பேசுங்க, அப்பதான் கலா மாதிரி இருக்கும்" என்று சொல்லித்தருவான். கலா என்றால் இந்தியாக்காரன், நாம்தான், வேறு யார்.

இந்தத் தடவை தலைமையாசிரியர். ஊ பா ஹான் என்று பெயர்கூட உண்டு. வெள்ளைச் சட்டை, பச்சை லுங்கி, மூக்குக்கண்ணாடி. நாலு பக்கம் வசனம். ஒரு சொல்லைக்கூட உடைக்க வேண்டியதில்லை.

கதை என்ன என்று கேட்பாய். ஸ்டிரைக்கில் போன வாத்தியார்கள் பள்ளிக்கூடத்துக்குத் திரும்பி வருகிறார்கள். தலைமையாசிரியர் அவர்களிடம் நல்ல வார்த்தை பேசி அழைத்துவருகிறார். அவ்வளவுதான். திட்டுவதாக இருந்தால் சீக்கிரம் திட்டி எழுது.

அப்பா


மே சோட்
2 ஜூலை 2023

அப்பா,

டப்பா வந்தது. தமிழில் கோபப்படுவது எனக்குக் கஷ்டம், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

'அவ்வளவுதான்' என்று எழுதிவிட்டீர்கள். ஆட்சியைப் பிடித்த பட்டாளத்துக்குக் கீழே வேலை செய்யமாட்டோம் என்று தின்கன்ஜூன் பள்ளியில் பதினேழு பேர் ஒரே நாளில் வேலையை விட்டு இறங்கினோம். கணக்கு டீச்சர் ஸமீரா இன்னும் சிறையில் இருக்கிறாள். அவள் குழந்தைக்கு நடக்கத் தெரியாத வயதில் பிடித்தார்கள், இப்போது அது பேசுகிறதாம். பிடிக்கவேண்டியவர்கள் என்று பேப்பரில் போட்ட பட்டியலில் என் பெயர் இருந்தது, உங்கள் பெயரோடு சேர்த்து. அதனால்தான் நான் எல்லை தாண்டி இங்கே ஒரே அறையில் எட்டுப் பெண்களோடு படுத்திருக்கிறேன். தாய்லாந்துப் போலீஸ் வந்தால் பின்சுவர் ஏறிக் குதிக்கிறேன். நாங்கள் எல்லோரும் புத்தி கெட்டுப் போனோம், இப்போது திரும்பி வரவேண்டும் என்று நீங்கள் கண்ணாடி போட்டுக்கொண்டு சொல்லப்போகிறீர்களா?

இன்னொன்றும் கேட்கிறேன், வலித்தாலும் கேட்கிறேன். தலைமையாசிரியர் வேஷத்துக்கு நம் ஆளை அவர்கள் எப்போதாவது கூப்பிட்டிருக்கிறார்களா? பேர் உள்ள நடிகர்கள் எல்லோரும் மாட்டேன் என்றிருப்பார்கள். மிஞ்சியதைத் தூக்கி உங்களிடம் கொடுத்திருக்கிறார்கள். ஆசை வெட்கம் அறியாது என்று நீங்கள்தான் சொல்வீர்கள்.

நான் பர்மிய மொழி டீச்சர் ஆனது உங்களால். வீட்டில் நீங்கள் பேசும் பர்மிய மொழி ரேடியோவில் பேசுவதைவிட அழகாக இருக்கும். என் கட்டுரை நோட்டில் நீங்கள் திருத்தியதை எங்கள் டீச்சர் மறுபடி திருத்தியதே இல்லை. அந்த மொழியில் போய் இதையா பேசப்போகிறீர்கள்?

வேண்டாம் அப்பா. பேசினால் எனக்குக் கடிதம் எழுதவேண்டாம்.

அம்மாவுக்கு உப்புப் போடாதீர்கள்.

சத்யபாமா


பசுந்தாங்
23 ஜூலை 2023

பாமா,

எழுதவேண்டாம் என்றாய். எழுதுகிறேன். கிழித்துப் போடுவதற்கு முன்னால் ஒரு தடவை படி.

நீ சொன்னது அத்தனையும் சரி. மிஞ்சியதைத்தான் கொடுத்தார்கள். எனக்குத் தெரியாதா? தயாரிப்பு மேலாளர் கோ ஸோ மின் என்னைத் தேடி மூன்று மாடி ஏறி வந்தபோதே தெரியும். தரவானைத் தேடி எவனும் மாடி ஏற மாட்டான். பொய் சொல்ல மாட்டேன், பெயரைக் கேட்டதும் எனக்கு ஆசை வந்தது. ஊ பா ஹான், ஊ பா ஹான் என்று குளிக்கும்போது சொல்லிப் பார்த்தேன். அறுபத்து மூன்று வயதில் அசிங்கம்தான்.

ஆனால் ஆசைக்காக மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. அவரிடம் ஒன்று கேட்டேன். "எம் மகளும் அந்தப் பட்டியல்ல இருக்கா. நான் நடிச்சா அவ பேரை எடுத்துத் தருவீங்களா?" என்றேன். அவர் டீயை வைத்துவிட்டு யோசித்தார். "மேல பேசறேன் ஊ கார்த்தி. இந்தப் படம் பட்டாளத்துல மேல உள்ளவங்க எடுக்கற படம். அவங்களுக்கு இது ஒரு பேனாக் கோடு" என்றார்.

ஒரு கோடு. அதற்காக நான் தலைகீழாகவும் நிற்பேன், தலைமையாசிரியராகவும் நிற்பேன்.

படப்பிடிப்பு தொடங்கிவிட்டது. கீழ் வீட்டுத் தமிழ்மணி என்னைப் பார்த்தால் கதவைச் சாத்துகிறான். டீக்கடையில் நான் உட்கார்ந்தால் மற்றவர்கள் எழுந்துபோகிறார்கள். அவர்கள் பிள்ளைகளும் உன்னைப்போலத்தான் போயிருக்கிறார்கள், நான் குறை சொல்லவில்லை. நீ வந்து இந்த வாசலில் செருப்பைக் கழற்றினால் எனக்கு அது போதும், ஊர் என்ன சொன்னாலும் சொல்லிக்கொள்ளட்டும்.

அப்பா


மே சோட்
20 ஆகஸ்ட் 2023

அப்பா,

நாலு வாரம் எழுதாமல் இருந்தேன். கடிதத்தைக் கிழிக்கவும் இல்லை.

எனக்காகச் செய்தீர்கள் என்று தெரிந்ததும் கோபம் போய்விட்டது என்று நினைக்காதீர்கள். இன்னும் கூடிவிட்டது. இப்போது அந்தப் படத்தில் நானும் கூட்டு. இங்கே என்னோடு இருக்கிற பெண்களிடம் எதுவும் சொல்லவில்லை. அவர்களில் யாருக்கும் நடிக்கத் தெரிந்த அப்பா இல்லை.

ஆனாலும் 'வாசலில் செருப்பைக் கழற்றினால்' என்று எழுதினீர்களே, அன்று முழுக்க எனக்கு வேலை ஓடவில்லை. நம் மாடிப்படி, மூன்றாவது மாடியில் ஒரு படி உடைந்திருக்கும், தாண்டித்தான் வைக்கவேண்டும். இங்கே நான் கனவில்கூட அதைத் தாண்டுகிறேன்.

அப்பா, கோ ஸோ மின் எழுத்தில் கொடுத்தாரா? யார் சொன்னார்கள், எந்த ஆபீஸில்? அடுத்த படத்தில் பெயர் போடுகிறேன், அடுத்த படத்தில் நல்ல வேஷம் என்று நாற்பது வருடமாக உங்களுக்குச் சொன்னவர்கள் இவர்கள்தான். ஒவ்வொரு தடவையும் நீங்கள் அம்மாவிடம் வந்து உறுதியாகச் சொல்வீர்கள். வெளுத்ததெல்லாம் பால் உங்களுக்கு.

காகிதத்தைக் கண்ணால் பார்க்காமல் என்னை வரச்சொல்லாதீர்கள். பார்த்தால் மட்டும் சொல்லுங்கள். பார்த்தேன் என்று நீங்கள் எழுதினால் நான் நம்புவேன். வேறு யார் சொன்னாலும் நம்பமாட்டேன்.

அம்மா எப்படி இருக்கிறாள்? என்னைக் கேட்கிறாளா?

பாமா


பசுந்தாங்
17 செப்டம்பர் 2023

பாமா, என் தங்கமே,

பார்த்துவிட்டேன்.

கடைசிக் காட்சி மட்டும் பாக்கி. நான் மேக்கப் போட்டுக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன். "காகிதத்தைக் காட்டினாத்தான் எந்திரிப்பேன்" என்றேன். நாற்பது வருடத்தில் ஒரு டைரக்டரை நான் காக்கவைத்தது அன்றுதான். வெளிச்சம் போகிறது என்று எல்லோரும் கத்தினார்கள். கோ ஸோ மின் ஆபீஸ் அறைக்குள் ஓடி, ஒரு பட்டியலைக் கொண்டுவந்து என் மடியில் வைத்தார். "இப்ப சந்தோஷமா? கையால தொட்டுப் பாருங்க" என்றார்.

தொட்டுப் பார்த்தேன். டைப் அடித்த தாள், மேலே சிங்க முத்திரை. ஏழாவது வரியில் சத்யபாமா, ஊ கார்த்திகேசன் மகள், தின்கன்ஜூன். அதன் மேல் சிவப்பு மையில் ஒரு கோடு. உன் பெயர் அடிபட்டுக் கிடப்பதைப் பார்த்து இவ்வளவு சந்தோஷப்பட்ட தகப்பன் உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

நீ சந்தேகப்படுவாய், அதனால் சொல்கிறேன். பொய்க் காகிதம் எது, மெய்க் காகிதம் எது என்று இந்தத் தொழிலில் கிடந்தவனுக்குத் தெரியும். எத்தனை பொய்க் கடிதம், பொய்ப் பத்திரம், பொய் வாரன்ட் நான் கையில் வாங்கியிருக்கிறேன். சினிமாக்காரன் குத்தும் முத்திரை எப்போதும் நேராக, காமிராவுக்குத் தெரிகிற மாதிரி இருக்கும். இதில் சாய்ந்து, பாதி மை பிடிக்காமல் இருந்தது. ஆபீஸ் குமாஸ்தா அலுப்பில் குத்திய முத்திரை. அதைப் பார்த்த பிறகுதான் எழுந்து நின்றேன்.

அந்தக் கடைசி வசனத்தை நான் எப்படிப் பேசினேன் தெரியுமா? ஒரே டேக். லைட் பிடிக்கிற ஆட்கள்கூடக் கை தட்டினார்கள். டப்பிங்குக்கு இன்னும் கூப்பிடவில்லை, கூப்பிட்டால் அதைவிட நன்றாகப் பேசுவேன்.

அம்மா உன்னைக் கேட்கிறாள். தினமும் கேட்கிறாள். வாரம் இரண்டு தடவை என்றது மூன்று தடவையாகிவிட்டது. டாக்டர் என்னிடம் பேசும்போது இப்போதெல்லாம் தரையைப் பார்த்துப் பேசுகிறார்.

பாயிடம் எல்லாம் பேசிவிட்டேன். லாரியில் முன் சீட்டில் வா. போனை அங்கேயே விட்டுவிடு. எல்லை தாண்டிப் போயிருந்தது தெரியவேண்டாம், டிரைவரின் அண்ணன் மகள் என்று சொல்லிக்கொள். வா அம்மா.

அப்பா


மே சோட்
8 அக்டோபர் 2023

அப்பா,

வருகிறேன். 14ஆம் தேதி காலை எல்லைக்கு அந்தப் பக்கம் மியாவடியிலிருந்து புறப்படும் லாரியில்.

பார்த்தேன் என்று நீங்கள் எழுதிய வரியை எத்தனை தடவை படித்தேன் என்று எனக்கே தெரியாது. இங்கே யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் போகாதே என்பார்கள், அல்லது எதற்குப் பதிலாக உன் பெயரை எடுத்தார்கள் என்று கேட்பார்கள். ஊருக்குக் கிளம்புகிறவள் திருடி மாதிரிக் கிளம்புகிறேன், வெட்கமாக இருக்கிறது. ஆனால் அம்மா கேட்கிறாள் என்றால் நான் என்ன செய்யமுடியும்?

படத்தைப் பற்றி வந்த பிறகு சண்டை போடுவோம். அதை விட்டுவிட்டேன் என்று நினைக்கவேண்டாம்.

அம்மாவிடம் முன்கூட்டிச் சொல்லாதீர்கள். நான் உள்ளே வரும்போது அவள் முகத்தைப் பார்க்கவேண்டும்.

பாமா


ரங்கூன்
15 அக்டோபர் 2023, ஞாயிறு

பாமா, வராதே. இறங்கு. லாரி எங்கே நின்றாலும் இறங்கி வந்த வழியே திரும்பு.

இதைக் கொண்டுவருகிறவர் பெயர் நியாஸ், பாயின் மருமகன். பெகு பாதையில் லாரியை மறிக்கப் போகிறார். அவர் சொன்னால் நீ நம்பமாட்டாய், அதனால்தான் என் கையெழுத்து. பைக்கை உதைத்துக்கொண்டு நிற்கிறார், வேகமாக எழுதுகிறேன்.

இன்று காலை படத்தை எங்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். தொடங்கிக் கால் மணிகூட ஆகவில்லை, நான் இன்னும் திரையில் வரவே இல்லை. கல்வி அதிகாரி வேஷம் போட்டவர் மேஜையில் உட்கார்ந்து, திருந்தி வந்த வாத்தியார்களின் பெயரைச் சிவப்புப் பேனாவால் அடிக்கிறார். காமிரா காகிதத்துக்குக் கிட்டே போனது. அதே காகிதம். அதே சாய்ந்த முத்திரை. ஏழாவது வரியில் நீ. நிஜம் மாதிரி இருக்கட்டும் என்று பேப்பரில் வந்த பட்டியலைப் பார்த்து டைப் அடித்திருக்கிறான் செட்டுச் சாமான் பார்க்கிறவன். கைதேர்ந்தவன், முத்திரையைச் சாய்த்துக் குத்தத் தெரிந்திருக்கிறது. நூற்றுப் பன்னிரண்டு படத்தில் என் பெயர் திரையில் வந்தது இன்றுதான், பாமா. ஊ கார்த்திகேசன் மகள் என்று.

எழுந்து வந்துவிட்டேன். கோ ஸோ மின்னை வாசலில் பிடித்தேன். "அன்னிக்கு வெளிச்சம் போயிட்டிருந்திச்சு ஊ கார்த்தி, நான் என்ன செய்ய?" என்றார். அவ்வளவுதான் சொன்னார். உன் பெயர் பட்டியலில் அப்படியே இருக்கிறது. யாரும் யாரிடமும் பேசவே இல்லை.

இன்னொன்று. அம்மா உன்னைக் கேட்கவில்லை. நான்தான் அப்படி எழுதினேன். "அவ அங்கயே இருக்கட்டும். நான் செத்தாலும் அவளுக்குச் சொல்லாதீங்க, சொன்னா வந்துருவா" என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறாள். நான்தான் உன்னைப் பார்க்காமல் இருக்கமுடியாமல் எழுதினேன். நான்தான்.

இறங்கு அம்மா.


(ஊர்ப் பெயர் இல்லாத தாள், இரண்டு பக்கமும் பென்சில் எழுத்து)
22 ஏப்ரல் 2024

அப்பா,

புத்தாண்டு மன்னிப்பில் விடுதலையாகும் ஒரு அக்கா இதை ரவிக்கைக்குள் வைத்து எடுத்துவருகிறாள். தமிழில் எழுத இதுதான் வழி. இங்கே பர்மிய மொழியில் பன்னிரண்டு வரிக்கு மேல் விடமாட்டார்கள்.

உங்கள் பன்னிரண்டு வரி ஜனவரியில் வந்தது. ஏழு வரியில் மை தடவியிருந்தார்கள். அம்மா மார்கழி பிறந்த அன்று போனாள் என்ற வரியை விட்டுவைத்திருந்தார்கள். அவள் இருந்த இடத்துக்கு நான் இரண்டு மணி நேரத் தூரம் வரை வந்தேன். பெகுவுக்கு முன்னால் பட்டாளத்தின் சோதனைக் கேட்டில் இறக்கினார்கள். ஒருத்தன் பட்டியலைப் புரட்டினான். நான் பயப்படவே இல்லை, அதுதான் வேடிக்கை. பாருங்கள், என் பெயரை எடுத்துவிட்டார்கள் என்று நானே சொன்னேன். நல்ல பர்மிய மொழியில், நீங்கள் சொல்லித்தந்த மாதிரி. என்னைக் கொண்டுபோகும்போது ஒரு பைக் வந்து நின்றது. அதில் வந்தவர் கையில் ஒரு தாள் இருந்தது. அதில் என்ன இருந்தது என்று எனக்கு இன்னும் தெரியாது.

மூன்று வருடம் போட்டிருக்கிறார்கள். ஸமீரா அடுத்த கட்டிடத்தில் இருக்கிறாள், இரண்டு தடவை பார்த்தேன்.

உங்களை மன்னித்துவிட்டேன் என்று எழுதத்தான் இந்தத் தாளை வாங்கினேன். எழுத வரவில்லை. பொய் எழுதவும் வரவில்லை. உங்கள்மேல் பாசம் இருக்கிறது, அது எங்கேயும் போகவில்லை. அதுதான் கஷ்டமாக இருக்கிறது.

போன ஞாயிற்றுக்கிழமை எங்களை எல்லாம் கூடத்தில் உட்காரவைத்து உங்கள் படத்தைப் போட்டார்கள். வாத்தியார்கள் எல்லோரும் முன் வரிசை. நீங்கள் வெள்ளைச் சட்டையும் பச்சை லுங்கியுமாக மரத்தடியில் வந்து நின்றீர்கள். இளைத்திருந்தீர்கள். வாயைத் திறந்தீர்கள். உங்கள் குரல் வரவில்லை. வேறு யாரோ பேசியிருக்கிறான், உடைந்த பர்மிய மொழியில், கீச்சுக் குரலில். ஊ பா ஹான் என்று யாரும் உங்களைக் கூப்பிடவில்லை. தரவான் என்றார்கள். பள்ளிக்கூடத்துத் தரவான் வாத்தியார்களுக்குப் புத்தி சொல்கிறான், அவனுக்குத் தெரிந்தது படித்தவர்களுக்குத் தெரியவில்லையே என்று. கூடம் முழுக்கச் சிரித்தது. இரண்டரை வருடமாகச் சிரிக்காத பெண்கள்கூடச் சிரித்தார்கள். உங்களுக்கு யாராவது முன்பே சொல்லியிருப்பார்கள் என்று நம்புகிறேன். சொல்லாவிட்டால், நான் சொன்னதற்கு மன்னியுங்கள்.

படம் போகப்போகச் சிரிப்பு நின்றது. நீங்கள் எங்களைத் திரும்பி வரச்சொல்லும் இடத்தில் பின்னாலிருந்து ஒருத்தி திரையை நோக்கிச் செருப்பை எறிந்தாள். அவளுடைய தம்பியை முன்பே பட்டாளம் சுட்டுக் கொன்றுவிட்டது. அவளைத் தனி அறையில் போட்டிருக்கிறார்கள்.

என் பக்கத்தில் இருந்தவள், "இந்தக் கலாவை நான் சின்னப் புள்ளையிலருந்து பாக்கறேன். இவனும் அவங்க பக்கம் போயிட்டானே. உங்க ஆளுதானே, உனக்குத் தெரியுமா இவனை?" என்று கேட்டாள்.

தெரியாது என்றேன்.

அடுத்த மாதத்திலிருந்து சொந்தக்காரர்கள் வந்து பார்க்கலாம் என்று சொல்லியிருக்கிறார்கள். நீங்கள் வராதீர்கள் அப்பா. உங்கள் முகம் இப்போது இங்கே எல்லோருக்கும் தெரியும். நான் இன்னும் இரண்டரை வருடம் இவர்களோடு இருக்கவேண்டும்.

பாமா